பீநட் பட்டர் டாஃபி: எந்தக் கோளாறுக்கு என்ன வைத்தியம்

ஜவ்வு மிட்டாய்க்காரர் மூங்கில் கம்பின் உச்சியில் சுற்றி வைத்திருப்பதும், இங்கே பார்க்கப் போகும் டாஃபியும் ஒரே வித்தைதான். பாகைச் சரியான பதத்தில் இறக்கி, கை பொறுக்கும் சூட்டுக்கு ஆறவிட்டு, இழுத்து, மடித்து, மறுபடி இழுக்க வேண்டும். கூடுதலாக இதில் வேர்க்கடலை எண்ணெய் சேர்கிறது. வம்பும் அங்கேதான் ஆரம்பம்.

இழுக்கும்போது கையில் தெரிகிற கோளாறு பெரும்பாலும் அடுப்பிலேயே நடந்து முடிந்திருக்கும். பாகில் ஈரம் மிஞ்சியிருக்கும், அல்லது குறைந்திருக்கும். சர்க்கரை பூத்திருக்கும், அதாவது மறுபடி பரலாகியிருக்கும். இல்லையென்றால் எண்ணெய் பிரிந்திருக்கும். இவற்றில் எது என்று தெரியாமல் கைக்கு வந்த வைத்தியத்தைச் செய்தால் இருப்பதும் கெடும். அதனால் முதலில் அறிகுறியைப் பாருங்கள்.

கீழே வரும் திருத்தங்கள் எல்லாம் இந்த அளவுக்கு: சர்க்கரை 400 கிராம், லிக்விட் குளுக்கோஸ் 200 கிராம், தண்ணீர் 120 மி.லி., உப்பு அரை டீஸ்பூன், உப்பில்லாத வெண்ணெய் 30 கிராம், பீநட் பட்டர் 120 கிராம். சர்க்கரை, குளுக்கோஸ், தண்ணீர், உப்பு நான்கையும் சிறு தீயில் முழுக்கக் கரைத்து, கொதி வந்ததும் கரண்டியை வெளியே எடுத்துவிட வேண்டும். 115 டிகிரியில் வெண்ணெய். 125-ல் இறக்கம். நுரை அடங்கியதும், சுமார் 110 டிகிரியில், பீநட் பட்டரைப் போட்டு பத்துச் சுற்றுக்குள் கலந்து, வெண்ணெய் தடவிய தட்டிலோ கிரானைட் மேடையிலோ ஊற்ற வேண்டும். ஓரங்களை உள்ளே மடித்துக்கொண்டே இருந்து, 50 முதல் 60 டிகிரிக்கு வந்ததும் 10 – 15 நிமிடம் இழுக்க வேண்டும். டிகிரி என்று சொல்வதெல்லாம் செல்சியஸ்.

லிக்விட் குளுக்கோஸ் பேக்கரிப் பொருட்கள் விற்கும் கடைகளில் டப்பாவில் கிடைக்கும். மருந்துக் கடையில் விற்கும் குளுக்கோஸ் பொடி வேறு பொருள். அதைப் போட்டுவிட்டு டாஃபி வரவில்லை என்று வருந்துபவர்கள் நிறைய.

ஓர் எச்சரிக்கை. 125 டிகிரிப் பாகு தோலில் பட்டால் வழிந்து போகாது, ஒட்டிக்கொண்டு சுட்டுக்கொண்டே இருக்கும். பக்கத்தில் ஒரு பாத்திரம் குளிர்ந்த நீர் இருக்கட்டும். அடுப்பு வேலை முடியும்வரை பிள்ளைகள் அடுக்களைக்கு வெளியே இருக்கட்டும்.

முதலில் வெப்பமானியைச் சந்தேகியுங்கள்

எந்த அறிகுறியாக இருந்தாலும் இதை முடித்துவிட்டு மேலே போகலாம். தளதளவென்று கொதிக்கும் தண்ணீரில், அடியில் படாமல், முனையை ஒரு நிமிடம் பிடியுங்கள். சென்னை கடல் மட்டத்தில் இருக்கிற ஊர். இங்கே தண்ணீர் 100-ல்தான் கொதிக்கும். உங்கள் கருவி 97 காட்டினால் அது மூன்று குறைத்துச் சொல்கிறது. அப்போது 122 காட்டும்போதே பாகு 125-ல் இருக்கிறது. 103 காட்டினால் நேர்மாறு: 128 காட்டும்வரை காத்திருக்க வேண்டும்.

சமையல் குறிப்பு எந்த ஊரில் எழுதப்பட்டது என்பதும் முக்கியம். பெங்களூரில் தண்ணீர் ஏறக்குறைய 97-லேயே கொதித்துவிடும், ஊட்டியில் 93-க்குப் பக்கம். பெங்களூர்க்காரர் 122-ல் இறக்கிப் பிரமாதமாக வந்தது என்றால் அதே பதம் இங்கே 125. அவர் சொன்ன எண்ணை அப்படியே எடுத்துக்கொண்டால் உங்கள் டாஃபி தொளதொள என்றுதான் இருக்கும்.

வெப்பமானி இல்லாமல் தண்ணீரில் விட்டு உருட்டிப் பார்க்கும் வழக்கம் நமக்குப் பழகியதுதான். ஆனால் மே மாதத்தில் மொட்டைமாடித் தொட்டியிலிருந்து வரும் குழாய்த் தண்ணீர் கிட்டத்தட்ட வெந்நீர். அதில் விட்ட உருண்டை உள்ளபடி இருப்பதைவிட இளகலாகத் தெரியும். இன்னும் பதம் வரவில்லை என்று நினைத்து மேலும் காய்ச்சுவீர்கள், கடைசியில் கல்லாகிவிடும். ஐஸ் கட்டி போட்ட தண்ணீரில்தான் பார்க்க வேண்டும். வெளியே எடுத்த உருண்டை தன் உருவத்தில் நிற்க வேண்டும், இரண்டு விரலால் அழுத்தினால் மட்டும் நசுங்க வேண்டும். அதுதான் டாஃபிப் பதம். எடுத்தவுடன் தானே தட்டையானால் இன்னும் காய்ச்ச வேண்டும். உருண்டையாகாமல், வளைகிற நூல்களாகப் பிரிந்தால் பதம் தாண்டிவிட்டது.

“கையெல்லாம் ஒட்டுது, இழையே வரல”

அதிகம் பேர் மாட்டிக்கொள்வது இதில்தான். காரணம் மூன்றில் ஒன்று.

பாகு இன்னும் சூடாக இருக்கலாம். இதைத்தான் முதலில் பார்க்க வேண்டும், ஏனென்றால் இதற்குச் செலவே இல்லை. ஒரு துண்டைக் கிள்ளி ஐஸ் தண்ணீரில் ஒரு நிமிடம் போட்டு எடுங்கள். கெட்டியாகி, மெல்லும்போது சரியாக இருந்தால் பதத்தில் குற்றமில்லை, உங்களுக்குத்தான் அவசரம். இன்னும் பத்து நிமிடம் மடித்துப் போட்டு ஆறவிடுங்கள். சென்னை வெயிலில் 35 டிகிரி அறையில் டாஃபி ஆற, மேல்நாட்டுக் குறிப்பில் சொல்வதைப் போல ஒன்றரை மடங்கு நேரம் எடுக்கலாம்.

ஐஸ் தண்ணீரிலிருந்து எடுத்த பிறகும் துண்டு விரலில் ஈஷிக்கொண்டால் பாகு வேகவில்லை. திரும்பக் காய்ச்சித்தான் ஆக வேண்டும். பீநட் பட்டர் சேர்ப்பதற்கு முன் கண்டுபிடித்திருந்தால் சிரமமில்லை: மறுபடி அடுப்பில் ஏற்றி 125-க்குக் கொண்டுபோனால் போதும். சேர்த்த பிறகு என்றால் அடிகனமான பாத்திரம், இரண்டு மேஜைக்கரண்டி தண்ணீர், மிகச் சிறு தீ, நிற்காமல் கிளறும் கை எல்லாம் வேண்டும். கடலை கலந்த கெட்டிப் பாகில் வெப்பமானி இடத்துக்கு இடம் வேறு எண் காட்டும். ஐஸ் தண்ணீர் உருண்டையை நம்புங்கள். ஒருமுறை இப்படிச் செய்யலாம். இரண்டாவது முறையும் ஏற்றினால் கடலை அடிப்பிடிக்கும். அதற்குப் பதில் 150 மி.லி. ஃப்ரெஷ் க்ரீம் ஊற்றிக் கரைத்து ஐஸ்கிரீம் மேல் விடும் சாஸாக மாற்றிக்கொள்வது புத்திசாலித்தனம்.

மூன்றாவது காரணம் காற்று. ஆரம்பத்தில் நன்றாக இழை வந்து, ஏழெட்டு நிமிடம் கழித்துப் பிசுபிசுப்பு கூடிக்கொண்டே போனால் குற்றவாளி சென்னையின் ஈரக்காற்று. சர்க்கரை ஈரத்தை இழுக்கும். இழுத்து மடிக்கும்போது ஒவ்வொரு தடவையும் புதுப் பரப்பு காற்றில் படுகிறது, அத்தனையும் ஈரம் குடிக்கிறது. கதவு சாத்திய ஏசி அறைக்கு மாற்றுங்கள். அங்கே சூடு மட்டுமல்ல, ஈரமும் குறைவு. மின்விசிறியால் பயனில்லை. அதே ஈரக்காற்றைத்தான் அது வேகமாகக் கொண்டுவந்து மேலே அடிக்கும்.

அடுத்த முறைக்கு: அக்டோபர் முதல் டிசம்பர் வரை, வடகிழக்குப் பருவமழைக் காலத்தில், 127 வரை காய்ச்சி இறக்குங்கள். காற்றிலிருந்து உள்ளே போகப்போகும் ஈரத்துக்கு முன்கூட்டியே இடம் விடுவது அது. மழை கொட்டுகிற நாளில் ஏசியும் இல்லையென்றால் அன்றைக்குக் கடலை உருண்டை பிடித்துக்கொள்ளலாம். ஏப்ரல், மே மாதங்களில் கடல்காற்று நுழைவதற்கு முன்னால், பதினோரு மணி வாக்கில் வேலையை வைத்துக்கொண்டால் காற்று ஓரளவு உலர்ந்திருக்கும். மாலை நாலு மணி கூடாது.

கைக்கு மாவு தூவுவது, சோள மாவில் புரட்டுவது எல்லாம் வேண்டாம். வாயில் மாவுதான் தெரியும். கையில் வெண்ணெய் தடவுங்கள், அதுவும் மெல்லிய பூச்சாக.

“இழுத்தா உடையுது, கல்லு மாதிரி ஆயிடுச்சு”

இங்கேயும் ஆறிப்போனதா, பதம் தப்பியதா என்று முதலில் பிரித்தறிய வேண்டும். ஒரு துண்டை உள்ளங்கையில் மூடி ஒரு நிமிடம் வையுங்கள். இளகி வளைந்தால் ஆறிப்போனது மட்டும்தான். தட்டோடு 90 – 100 டிகிரி ஓவனில் மூன்று நான்கு நிமிடம், ஓவன் இல்லையென்றால் வெந்நீர்ப் பாத்திரத்தின் மேல் எவர்சில்வர் தட்டை வைத்து அதில் போட்டு வாட்டுங்கள். நீராவி டாஃபியில் நேராகப் படக்கூடாது. இளகியதும் முழுவதையும் ஒன்றுசேர்த்துப் பிசைந்து, சூடு சமமான பிறகு இழுங்கள்.

நடு இளக்கம், ஓரம் மட்டும் கல் என்றால் ஆறும்போது ஓரங்களை உள்ளே மடிக்கவில்லை. கிரானைட் மேடை சூட்டை வேகமாக உறிஞ்சும். அதில் ஊற்றினால் அரை நிமிடத்துக்கு ஒருமுறையாவது ஓரத்தைச் சுரண்டி நடுவுக்குக் கொண்டுவர வேண்டும். முதல் தடவை செய்கிறவர்கள் தட்டில் ஊற்றுவது நல்லது, அவகாசம் கிடைக்கும்.

உள்ளங்கையில் வைத்தும் வளையவில்லையென்றால் பாகு முறுகிவிட்டது. 132 தாண்டினாலே மெல்லும் டாஃபி என்ற பேச்சு முடிந்தது. கடலை சேராத பாகென்றால் 100 மி.லி. தண்ணீர் விட்டுச் சிறு தீயில் கரைத்து, மறுபடி 125-க்கு வரலாம். நிறம் கொஞ்சம் கூடும், பரவாயில்லை. கடலை சேர்ந்ததென்றால் மெல்லிசாகத் தட்டி, ஆறவிட்டு உடைத்து மிட்டாயாகத் தின்றுவிட வேண்டியதுதான். ருசிக்குக் குறைவில்லை.

ஏன் முறுகியது? பெரும்பாலும் இறக்கத் தாமதமானதால். அடுப்பை அணைத்த பிறகும் கனமான பாத்திரம் தன் சூட்டால் பாகை இரண்டு மூன்று டிகிரி ஏற்றும். 123-லேயே அணைத்துவிடுங்கள். ஏறுவது நிற்காவிட்டால் பாத்திரத்தின் அடியை ஐந்து விநாடி குளிர்ந்த நீரில் வைத்து எடுக்கலாம்.

“மணல் மணலா இருக்கு”

பாகு பூத்துவிட்டது. மைசூர்பாகுக்கும் பாதுஷாவுக்கும் பாகு வைத்தவர்களுக்கு இது புதிதல்ல. கரையாமல் தப்பிய ஒரே ஒரு சர்க்கரைப் பரல் போதும், அதைப் பிடித்துக்கொண்டு மற்றதெல்லாம் பரலாகும்.

எப்போது பூத்தது என்று பாருங்கள். அடுப்பில் இருக்கும்போதே கலங்கினால், சர்க்கரை கரைவதற்குள் கொதி வந்திருக்கும், அல்லது கொதிக்கும்போது கரண்டி போட்டிருப்பீர்கள். 150 மி.லி. தண்ணீரும் இரண்டு மேஜைக்கரண்டி குளுக்கோஸும் சேர்த்து, பூத்ததெல்லாம் தெளிவாகும்வரை சிறு தீயில் கரைத்துப் புதிதாக ஆரம்பியுங்கள். கொதி வந்ததும் மூன்று நிமிடம் மூடி போட்டு வைத்தால் ஆவி குளிர்ந்து பக்கச் சுவரில் ஒட்டிய பரல்களைக் கழுவி இறக்கிவிடும். நனைத்த பிரஷ்ஷால் துடைப்பதைவிட இது சுலபம்.

தட்டில் ஊற்றும்போது பூத்தால், பாத்திரத்தைச் சுரண்டி ஊற்றியிருக்கிறீர்கள். தானாக விழுவதை மட்டும் எடுங்கள், ஒட்டியிருப்பது பாத்திரத்தோடு போகட்டும்.

இழுக்கும்போது மெல்லமெல்லப் பளபளப்பு போய், இழை பொறுபொறுவென்று உடைந்தால் குளுக்கோஸ் குறைவு. இழுப்பதும் ஒருவகைக் கலக்கல்தானே, அதைத் தாங்கக் குளுக்கோஸ் வேண்டும். 400 கிராம் சர்க்கரைக்கு 150 கிராமுக்குக் கீழே இறங்காதீர்கள். குளுக்கோஸே கிடைக்கவில்லையென்றால் ஒரு டீஸ்பூன் எலுமிச்சைச் சாறு அதே வேலையைச் செய்யும். புளிப்பு, சர்க்கரையில் ஒரு பங்கை உடைத்து, பூக்காத வகையாக மாற்றும். ஆனால் எவ்வளவு உடைக்கும் என்பது எவ்வளவு நேரம் கொதித்தது என்பதைப் பொறுத்தது. தீ மெதுவாக எரிந்தால் அதிகம் உடைந்து பிசுபிசுப்பில் முடியும். கணக்கு கைக்குள் நிற்க வேண்டுமென்றால் குளுக்கோஸ்தான்.

சுற்றி வைத்து மூன்று நான்கு நாள் கழித்து மணலானால், மேற்பரப்பு ஈரம் குடித்து அங்கிருந்து பூக்கத் தொடங்கியிருக்கிறது. அதைத் திருத்த முடியாது.

“எண்ணெய் கசியுது, இழை சேராம வழுக்குது”

பீநட் பட்டரில் கிட்டத்தட்ட பாதி கொழுப்பு. நம் அளவில் அதிலிருந்து 60 கிராம், வெண்ணெயிலிருந்து 25 கிராம் வருகிறது. இவ்வளவையும் பாகு தன்னுள் பிடித்துவைத்துக்கொள்ள வேண்டும். கைநழுவினால் மடிப்புக்கு நடுவே எண்ணெய்ப் படலம் உட்கார்ந்து ஒரு இழை இன்னொன்றில் ஒட்டாது. ரிப்பன் ரிப்பனாகப் பிரியும்.

எந்த பீநட் பட்டர் என்பதில்தான் பாதிப் பிரச்சினை. ஜிம் போகிறவர்கள் வாங்கும், வேர்க்கடலையைத் தவிர வேறெதுவும் சேராத ரகத்தில், மேலே எண்ணெய் மிதக்கும். அடியில் கட்டியாக இருக்கும். மேலாக வழித்துப் போட்டால் வெறும் எண்ணெயைத்தான் போட்டிருக்கிறீர்கள். இந்த ரகம் என்றால் அடிவரை நன்றாகக் கலக்கி, வெண்ணெயை 15 கிராமாகக் குறைத்துவிடுங்கள். எண்ணெய் பிரியாமல் இருக்க ஹைட்ரஜனேற்றிய கொழுப்பு சேர்த்த, ரொட்டியில் தடவும் சாதாரண ரகம் உடம்புக்கு உசத்தி இல்லை, டாஃபிக்கு உசத்தி.

வீட்டிலேயே அரைப்பதென்றால் மிக்ஸியை விட்டு விட்டு ஓட்டுங்கள். ஜார் சூடானால் எண்ணெய் தனியாக ஓடும். வறுத்துத் தோல் நீக்கிய பருப்பில் கறுத்தது, பூஞ்சை பட்டது, சுருங்கியது எல்லாவற்றையும் பொறுக்கிப் போட்டுவிட்டு, விழுது பளபளவென்று வழியும்வரை அரைக்க வேண்டும். கொரகொரப்பாக நிறுத்தினால் ஒவ்வொரு துணுக்கும் இழையை அறுக்கும். கடிபட வேண்டும் என்பவர்கள் பொடித்த கடலையைக் கடைசி இரண்டு மடிப்பில் சேர்க்கலாம்.

கசிந்துவிட்டதற்கு இப்போது என்ன செய்வது? பதற வேண்டாம். சூட்டில் கசிந்த எண்ணெய், டாஃபி 50 டிகிரிக்கு வந்து மடிக்க மடிக்கப் பெரும்பாலும் உள்ளே போய்விடும். நீளமாக இழுக்காமல் குட்டையாக இழுத்து, அழுத்தி மடியுங்கள். ஐந்து நிமிடத்திலும் அடங்காவிட்டால் மேலிருக்கும் எண்ணெயைப் பேப்பர் டவலால் ஒற்றிவிட்டு, ஒரு மேஜைக்கரண்டி பால் பவுடரைத் தூவிப் பிசையுங்கள். அதற்கு மேல் வேண்டாம், டாஃபி மாவுக்கட்டியாகிவிடும்.

கொதிக்கும் பாகில் பீநட் பட்டரைக் கொட்டி விறுவிறுவென்று கலக்கினாலும் எண்ணெய் பிரியும். நுரை அடங்கக் காத்திருக்கச் சொன்னது அதனால்தான். இன்னொரு வழியும் உண்டு. பாகைத் தனியாக ஊற்றி 70 டிகிரி வாக்கில் ஆறவிட்டு, நடுவில் பீநட் பட்டரை வைத்துக் கொழுக்கட்டை போல நாலு பக்கமும் மூடி, மெதுவாக மடித்து இழுப்பது. ஆரம்பத்தில் வரி வரியாக அசிங்கமாகத்தான் தெரியும், பிறகு சேரும். எண்ணெய் மிதக்கும் ரகத்துக்கு இதுவே நல்ல வழி.

“கருகின வாசனை”

கடலை விழுதையோ வெண்ணெயையோ ஆரம்பத்திலேயே போட்டுக் கொதிக்கவிட்டிருப்பீர்கள். அல்லது மெல்லிய பாத்திரத்தை இண்டக்‌ஷன் அடுப்பில் முழு வேகத்தில் வைத்திருப்பீர்கள். திருத்தமில்லை. வெனிலா ஊற்றி மறைக்கவும் முடியாது, கொட்டிவிடுங்கள்.

“எவ்வளவு இழுத்தாலும் வெளுக்கல, மெல்லத் தாடை வலிக்குது”

வெள்ளை வெளேரென்று வராது, கடலை விடாது. எதிர்பார்க்க வேண்டியது பால் கலந்த காப்பி நிறம், பட்டுத்துணி மினுக்கம், விரல் பதிந்த தடம் அழியாமல் நிற்பது. இது வந்ததும் நிறுத்துங்கள். வரவில்லையென்றால் காற்று உள்ளே போகவில்லை. இரண்டு கையாலும் முழ நீளம் இழுத்து, பாதியாக மடித்து, லேசாக முறுக்கி, மறுபடி இழுக்க வேண்டும். சப்பாத்தி மாவு பிசைவது போல உருட்டிக்கொண்டே இருந்தால் ஒரு மணி நேரமானாலும் வெளுக்காது. 700 கிராமுக்கு மேலான உருண்டையை ஒருவர் தனியாக இழுப்பது சிரமம். இரண்டாகப் பிரித்து ஒரு பாதியை வெந்நீர்ப் பாத்திரத்தின் மேல் தட்டில் மூடி வையுங்கள். வீட்டில் இன்னொருவர் இருந்தால் எதிரெதிரே நின்று இழுக்கலாம்.

சூடு கையைத் தாங்கவிடவில்லையென்றால் உள்ளே மெல்லிய பருத்திக் கையுறை, மேலே ரப்பர் கையுறை, அதன் மேல் வெண்ணெய்.

சமையல் சோடா சேர்த்தால் வெளுக்கும், மெத்தென்றாகும் என்று சிலர் சொல்வார்கள். குளுக்கோஸ் இருக்கும் சூடான பாகில் சோடா நிறத்தைக் கூட்டத்தான் செய்யும், கைமறதியாகக் கூடிவிட்டால் சவர்க்கார ருசி. தேவையில்லை.

“பேப்பரோட ஒட்டிக்கிச்சு” / “டப்பாவுல ஒண்ணா உருகிடுச்சு”

வெட்டியதும் உடனே சுற்ற வேண்டும். ஒருவர் எண்ணெய் தடவிய கத்தரிக்கோலால் வெட்ட, இன்னொருவர் சுற்றினால்தான் சென்னையில் கட்டுப்படியாகும். பட்டர் பேப்பரை 10 செ.மீ. சதுரங்களாக முதல் நாளே வெட்டி வையுங்கள். இரண்டு முனையையும் இறுக்கி முறுக்க வேண்டும், சும்மா மடித்தால் ஈரம் நுழையும். செய்தித்தாள் வேண்டவே வேண்டாம், மை எண்ணெயில் இறங்கும்.

சுற்றிய துண்டு இரண்டு மணி நேரத்தில் சப்பையானால் பதம் ஒன்றிரண்டு டிகிரி குறைவு. தின்னலாம், அடுக்கி வைக்க முடியாது. அதை ஃபிரிட்ஜில் வைத்துச் சரிசெய்யலாம் என்று தோன்றும். வைக்கலாம், ஆனால் காற்றுப் புகாத டப்பாவில் வைத்து, எடுத்த பிறகு டப்பா அறைச்சூட்டுக்கு வரும்வரை திறக்காமல் இருந்தால் மட்டும். குளிர்ந்த டாஃபியைச் சென்னைக் காற்றில் திறந்தால் மேலே நீர் பூத்து ஐந்து நிமிடத்தில் நமுத்துவிடும்.

“பத்து நாள்ல ஒரு மாதிரி வாடை”

சிக்கு வாடை. வேர்க்கடலை எண்ணெய் காற்றும் வெளிச்சமும் சூடும் பட்டால் கெடும். கண்ணாடி ஜாடியில் சன்னலோரம் வைத்து அழகு பார்த்தால் சீக்கிரமே வரும். நிழலான இடத்தில் இறுக மூடிய டப்பாவில் இரண்டு வாரத்துக்குள் தீர்த்துவிடுவது உத்தமம். முதல் நாளே அந்த வாடை இருந்தால் டாஃபியில் குற்றமில்லை, பழைய கடலை. பாக்கெட் பிரித்ததும் நாலு பருப்பை வாயில் போட்டு மென்று பாருங்கள், கடைசியில் நாக்கில் கசப்பு தங்கினால் அரைக்காதீர்கள்.

வெளியாருக்குக் கொடுக்கும்போது டப்பாவின் மேல் ‘வேர்க்கடலை உள்ளது’ என்று எழுதி ஒட்டுங்கள். பால்கோவா நிறத்தில் இருப்பதால் தெரியாமல் வாயில் போட்டுவிடுவார்கள். வேர்க்கடலை ஒவ்வாமை உள்ளவர்களுக்கு ஒரு துண்டே ஆபத்து.